குமரிக் கடற்கரையில் ஒளிரும் நீர்: வர நினைப்பவர்களுக்கு

சென்னை கிழக்குக் கடற்கரைச் சாலையை ஒட்டிய கடல் 2019 ஆகஸ்டிலும் 2023 அக்டோபரிலும் நீலமாக ஒளிர்ந்த காணொளிகள் பரவியதிலிருந்து, வெளியூரில் இருக்கும் உறவினர்களும் நண்பர்களும் என்னிடம் கேட்கும் கேள்வியே மாறிவிட்டது. சூரிய உதயம் எத்தனை மணிக்கு, விவேகானந்தர் பாறைக்குப் படகு எப்போது என்று விசாரித்தவர்கள், கன்னியாகுமரியிலும் கடல் ஒளிருமா, எந்தத் தேதியில் வந்தால் பார்க்கலாம் என்று இப்போது கேட்கிறார்கள். ஒளிரும், ஆனால் அதற்குத் தேதி கிடையாது. திறந்த கடலை நோக்கி நிற்கும் நம் கரையில் ஒளியைக் காட்டுவதாகச் சொல்லிக் கட்டணம் வாங்குகிறவர், தம் கையில் இல்லாத சரக்கை விற்கிறார் என்பதே என் கருத்து. கரிபியன் கடலில் புவேர்ட்டோ ரிக்கோவைச் சேர்ந்த வியெக்கஸ் தீவில் உள்ள கொசு விரிகுடா போன்ற இடங்களின் நிலைமை வேறு. அங்கே வாய் குறுகிய, அலையாத்தி மரங்கள் சூழ்ந்த விரிகுடாவுக்குள் ஒளிரும் உயிரிகள் வெளியேறாமல் தேங்கி நிற்பதால் ஆண்டு முழுவதும் படகில் அழைத்துச் சென்று காட்ட முடிகிறது. குமரியில் ஓர் இரவு கரைக்கு வரும் நுண்ணுயிர்க் கூட்டம் மறுநாள் எங்கே இருக்கும் என்பதைக் காற்றும் நீரோட்டமும்தான் முடிவு செய்கின்றன.

நம் கடல்களில் இந்த ஒளிக்குப் பெரும்பாலும் காரணமாக இருப்பது நாக்டிலூக்கா சின்டிலன்ஸ் என்னும் ஒற்றைச் செல் உயிரி. நுண்ணுயிர் என்று சொன்னாலும் அரை மில்லிமீட்டர் முதல் ஒரு மில்லிமீட்டர் வரை வளரக்கூடியது என்பதால் வெறும் கண்ணுக்கே தட்டுப்படும். கண்ணாடிக் குவளையில் நீரை அள்ளி வெளிச்சத்துக்கு எதிரே பிடித்துப் பார்த்தால், வெந்த ஜவ்வரிசியைப் பொடியாக்கி மிதக்கவிட்டதுபோல் நிறமற்ற உருண்டைகள் மேலே திரண்டு நிற்பதைக் காணலாம். அலை உடையும்போதோ கால் படும்போதோ அதன் மேலுறை அழுந்துகிறது. அந்த அழுத்தம் செல்லுக்குள் ஒரு மின் துடிப்பை உண்டாக்கி, ஒளிரும் நுண்பைகளுக்குள் அமிலத்தன்மையைக் கூட்டுகிறது. உடனே லூசிஃபெரின் என்ற பொருள், லூசிஃபெரேஸ் என்ற நொதியின் துணையோடு ஆக்சிஜனுடன் வினைபுரிந்து ஒளியாக வெளிப்படுகிறது. ஒவ்வொரு மினுக்கும் ஒரு நொடியில் பத்தில் ஒரு பங்கு நேரம்கூட நீடிப்பதில்லை. தன்னைத் தின்ன வரும் ஓடுடைய சிறிய உயிரிகளைத் திடுக்கிடச் செய்வதற்கும், அவற்றைப் பெரிய மீன்களுக்குக் காட்டிக்கொடுப்பதற்கும் இந்த ஒளி பயன்படுகிறது என்று கடலியலாளர்கள் விளக்குகிறார்கள்.

காணொளியிலும் புகைப்படத்திலும் பார்த்த நீலத்தை மனத்தில் வைத்துக்கொண்டு வருபவர்கள் பலர் ஏமாந்து திரும்புவதற்குக் காரணம் கடல் அல்ல, கேமராதான். புகைப்படம் எடுக்கும்போது கேமராவின் ஷட்டர் சில நொடிகள்கூடத் திறந்திருந்து ஒளியைச் சேர்த்துக்கொள்ளும். நம் கண்ணால் அப்படிச் சேர்க்க முடியாது. போதாக்குறைக்கு, மங்கிய வெளிச்சத்தில் கண்ணின் நிறம் அறியும் திறன் குறைந்துவிடுவதால், மெல்லிய ஒளிர்வு வெளிறிய சாம்பல் நீலமாகத்தான் தெரியும். பள்ளம் கடற்கரையில் காற்று அடங்கிய ஓர் இரவில் நான் பார்த்ததும் அப்படித்தான் இருந்தது. முதலில் அலையின் விளிம்பு சற்று வெளுத்திருப்பதாக மட்டுமே தோன்றியது; கால் மணி நேரம் இருட்டில் நின்ற பிறகுதான் ஈர மணலில் கால் வைத்த இடத்தைச் சுற்றிப் பொட்டுப் பொட்டாக ஒளி கிளம்பி அணைவது தெளிவாகத் தெரிந்தது. உடன் வந்த ஒருவர் கைப்பேசியை எடுத்து நேரம் பார்த்தார்; அந்த ஒரு திரை வெளிச்சத்துக்குப் பின் கண் மறுபடி இருட்டுக்குப் பழகும் வரை எல்லோரும் காத்திருக்க வேண்டியதாயிற்று.

ஆகவே குமரிக்கு வருபவர் முதலில் தேட வேண்டியது ஒளியை அல்ல, இருட்டை. அது இங்கே எளிதில் கிடைப்பதில்லை. கன்னியாகுமரி நகரத்தில் திருவள்ளுவர் சிலைக்கு ஒளியூட்டுகிறார்கள். 2024 டிசம்பர் இறுதியில் திறக்கப்பட்ட கண்ணாடிப் பாலமும் இரவில் ஒளிர்கிறது. கடைத்தெரு நள்ளிரவு வரை விழித்திருக்கிறது. அங்கே நின்று கடல் ஒளிரவில்லை என்று குறைபட்டுக்கொள்வதில் பொருளில்லை. மேற்கே மணக்குடியைத் தாண்டினால் பள்ளம், ராஜாக்கமங்கலம் துறை என்று கடற்கரை ஊர்கள் தொடர்கின்றன. ஊருக்கும் ஊருக்கும் இடையே தெரு விளக்கு எட்டாத மணல்வெளிகள் இன்னும் இருக்கின்றன. அமாவாசையை ஒட்டிய இரவுகளே ஏற்றவை. ஆனால் ஆடி, புரட்டாசி, தை அமாவாசைகளில் முக்கடல் சங்கமத்தில் நீராடித் தர்ப்பணம் கொடுக்கப் பெருங்கூட்டம் வரும். விடுதிகளில் அறை கிடைப்பது அரிது என்பதால், இரண்டு நாள் முன்னதாகவோ பின்னதாகவோ வருவது நல்லது.

பருவத்தைப் பொறுத்தவரை, தென்மேற்குப் பருவக்காற்று வீசும் மாதங்களில் குமரி முனையை ஒட்டி ஆழத்திலிருந்து குளிர்ந்த நீர் மேலெழுகிறது. அது கொண்டுவரும் சத்துகளால் மிதவைப் பாசி பெருக, அதைத் தின்னும் நாக்டிலூக்காவும் பெருகுகிறது. எனவே ஆகஸ்ட் முதல் அக்டோபர் வரையிலான மாதங்களில், அலை சற்று அடங்கும் இடைவெளிகளில் வாய்ப்பு கூடுதல் என்று சொல்லலாம். அதற்கு மேல் யாராலும் உறுதி சொல்ல முடியாது. முட்டத்தில் இதைப் பற்றி நான் கேட்டபோது, பல ஆண்டுகள் இரவில் மீன்பிடிக்கப் போன பெரியவர் ஒருவர், “மக்களே, வெட்டம் உண்டா இல்லியாண்ணு கடல்ட்ட போய்க் கேளு, என்ட்ட கேட்டா எப்பிடி?” என்று சிரித்தார். வெட்டம் என்றால் இங்கே வெளிச்சம். பிறகு அவரே, நீரின் மினுக்கத்தை வைத்துச் சாளை மீன் கூட்டம் எந்தப் பக்கம் ஓடுகிறது என்று கண்டுபிடித்து வலை விட்ட காலத்தைப் பற்றி வெகுநேரம் பேசினார்.

ஒளிர்வைக் கண்டு மகிழ்வதற்கு முன் மூக்கையும் பயன்படுத்த வேண்டும். நாக்டிலூக்கா அளவுக்கு மீறிப் பெருகி மடியும்போது நீரில் ஆக்சிஜன் குறைந்து, அம்மோனியா கூடி, மீன்கள் மூச்சுத் திணறிச் சாகின்றன. 2019 செப்டம்பரில் மன்னார் வளைகுடாவில் மண்டபம், பாம்பன் பகுதிக் கடல் பச்சையாக மாறி மீன்கள் செத்து ஒதுங்கியது இந்த உயிரியின் பெருக்கத்தால்தான். அங்கே அதைப் பூங்கோரை என்கிறார்கள். பகலில் நீர் பச்சையாகவோ செம்மண் கரைந்ததுபோலவோ தோன்றி வாடையும் அடித்தால், அன்று இரவு அந்த நீரில் இறங்காதீர்கள், குழந்தைகளையும் இறக்காதீர்கள்.

நீர் தெளிவாக இருந்தாலும் இரவில் கடலில் நீந்தவே கூடாது. வெளிநாட்டுக் காணொளிகளில் ஒளிரும் நீரில் புரண்டு நீந்துவதைப் பார்த்துவிட்டு இங்கே அதைச் செய்து பார்க்க நினைப்பது உயிருக்கே ஆபத்து. குமரிக் கரை பல இடங்களில் சட்டென்று ஆழமாகிறது, இழுப்பும் பலமானது. உள்ளூரில் காற்றே இல்லாதபோதும் தென்கோடிப் பெருங்கடலில் கிளம்பிய அலைகள் திடீரென்று உயர்ந்து வரும்; கள்ளக்கடல் என்பது அதற்குப் பெயர். அப்படியொரு எச்சரிக்கை இருந்த 2024 மே 6 அன்று கணபதிபுரம் லெமூர் கடற்கரையில் மருத்துவ மாணவர்கள் 5 பேர் பட்டப்பகலில் உயிரிழந்தார்கள். முழங்கால் அளவு நீர்கூட வேண்டாம். ஈர மணலிலேயே ஒளியைப் பார்த்துவிடலாம்.

மீன்பிடிப் படகில் ஏற்றிக்கொள்ளச் சொல்லிப் பணம் நீட்டுவதும் வேண்டாம். அவை தொழிலுக்கான படகுகள், பயணிகளுக்கானவை அல்ல. மேலும் இந்த மாவட்டத்தின் விசைப்படகுகளுக்கு இரண்டு தடைக்காலங்கள் உண்டு: சின்னமுட்டம் பக்கம் கிழக்குக் கடற்கரைக் கணக்கில் ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை, குளச்சல், தேங்காப்பட்டணம் பக்கம் மேற்குக் கடற்கரைக் கணக்கில் ஜூன் 1 முதல் ஜூலை 31 வரை. மீன்கள் இனம் பெருக வேண்டும் என்று விசைப்படகுக்காரர்கள் தொழிலை நிறுத்திவைக்கும் காலத்தில் வேடிக்கை பார்க்கப் படகு கேட்பது அழகல்ல.

ஒளியைப் பார்க்க முடியாமல் போனாலும் வந்த பயணம் வீணாகாமல் இருக்க, பகல் பொழுதைப் பறவைகளுக்குக் கொடுத்துவிடுங்கள். உலக முக்கியத்துவம் வாய்ந்த ஈரநிலங்களுக்கான ராம்சார் பட்டியலில் 2022இல் இடம்பெற்ற சுசீந்திரம் – தேரூர் ஈரநிலமும் வேம்பனூர் ஈரநிலமும் நாகர்கோவிலுக்கு மிக அருகிலேயே இருக்கின்றன. தேரூர்க் குளத்துத் தாமரை இலைகளின் மேல் நீளவால் இலைக்கோழி நடந்துபோவதையும், கரையோரம் நத்தைகுத்தி நாரை அலகால் நத்தையைப் பிரித்தெடுப்பதையும் வண்டியை விட்டு அதிக தூரம் போகாமலே பார்க்கலாம். இவற்றைவிட எனக்குப் பிடித்தது புத்தளம் உப்பளமும், பழையாறு கடலில் சேரும் மணக்குடிக் காயலும்தான். அக்டோபர் முதல் மார்ச் வரை அங்கே கூழைக்கடாக்களும் ஆலாக்களும் கூடுகின்றன; வாய்த்தால் பூநாரைகளும் உண்டு. பூநாரை தலையைக் கவிழ்த்து, மேல் அலகு கீழே இருக்கும்படி வைத்துக்கொண்டு, காலால் சேற்றைக் கலக்கிக் கலக்கி நீரை வடிகட்டித் தின்பதைப் பார்க்க இருநோக்கி (பைனாகுலர்) ஒன்று போதும். காலை ஏழு மணிக்குள் போய்விடுங்கள். வெயில் ஏறிவிட்டால் உப்புப் பாத்திகளின் மேல் கானல் ஆடத் தொடங்கி, பறவையின் கால் எது நிழல் எது என்று பிரித்தறிய முடியாது.

ஜனவரி முதல் மார்ச் வரை வருபவர்களுக்கு இரவிலும் ஒரு காரணம் உண்டு. பங்குனி ஆமைகள் முட்டையிட இக்கரைகளுக்கு வருகின்றன; ஒரு குழியில் நூறு முட்டைக்கு மேல்கூட இடும். வனத்துறையினர் முட்டைகளைச் சேகரித்துப் பொரிப்பகத்தில் காத்து, குஞ்சுகளைக் கடலில் விடுகிறார்கள்; அவர்களிடம் முன்கூட்டியே அனுமதி கேட்டால் குஞ்சுகள் விடப்படுவதைப் பார்க்கலாம். கரையில் தற்செயலாகத் தாய் ஆமையைக் கண்டால் அசையாமல் தள்ளி நில்லுங்கள். விளக்கு வெளிச்சத்தைக் கண்டால் தாய் முட்டையிடாமலே திரும்பிவிடக்கூடும். குஞ்சுகளோ கடலின் மங்கிய ஒளியை விட்டுவிட்டுத் தெருவிளக்கை நோக்கி நடந்துவிடும். நாக்டிலூக்காவைப் பார்க்க நாம் வேண்டும் இருட்டுதான் ஆமைக்கும் வேண்டியிருக்கிறது. கடற்கரைகளில் உயர்கோபுர விளக்கு வேண்டும் என்று கோரிக்கை எழும்போதெல்லாம், அதன் முகத்தைத் தரையை நோக்கித் திருப்பி, கடல் பக்கம் மறைப்பு வைத்தாலே போதுமே என்று எனக்குத் தோன்றுவதுண்டு. வலை உலர்த்தவும் மீன் ஏலம் விடவும் வெளிச்சம் கேட்கும் ஊர்க்காரர்களை இதில் குறைசொல்ல முடியாது.

தங்குவதற்கு நாகர்கோவிலே வசதி. அண்ணா பேருந்து நிலையத்திலிருந்து கடற்கரை ஊர்களுக்கு நகரப் பேருந்துகள் போகின்றன. இரவில் திரும்ப அவற்றை நம்ப முடியாது என்பதால் ஆட்டோவைப் பேசி வைத்துக்கொண்டு, முன்விளக்கை அணைத்துவிட்டுச் சாலையிலேயே காத்திருக்கச் சொல்லுங்கள். ஊருக்குள் நுழையும்போதே, இன்ன காரணத்துக்காகக் கடற்கரைக்குப் போகிறோம் என்று தேவாலயத்தை ஒட்டி இருப்பவர்களிடமோ கடைக்காரரிடமோ ஒரு வார்த்தை சொல்லிவிடுங்கள். நடு இரவில் கரையில் நிற்கும் அந்நியர்களை யார் என்று விசாரிக்க அவர்களுக்கு உரிமை உண்டு. கைவிளக்கின் மேல் சிவப்புக் கண்ணாடித் தாளைச் சுற்றிக்கொண்டு, கீழே பார்த்து நடங்கள்: மணலில் விரித்திருக்கும் வலையை மிதித்துவிட்டால், அதைப் பிரித்துச் சரிசெய்யப் பாதி நாள் போய்விடும்.