எடுக்கச் சம்மதித்தது, பரப்பச் சம்மதித்தது ஆகாது

அந்தரங்கப் படமோ வீடியோவோ வெளியே போய்விட்டது என்று என்னிடம் வருகிறவர்கள் முதலில் சட்டத்தைப் பற்றிக் கேட்பதில்லை. "நான் ஏன் மேடம் அனுப்பினேன்?" என்றுதான் ஆரம்பிக்கிறார்கள். கூட வந்த அம்மாவோ அக்காவோ அதையே இன்னும் கடுமையாகக் கேட்கிறார். பரப்பியவன் பெயர் பேச்சில் வருவதற்கே வெகுநேரம் ஆகிவிடுகிறது. வழக்கறிஞராக இந்த வழக்குகளில் என்னை அதிகம் வருத்துவது இதுதான்.

அதனால் புதிய தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 77-ஆவது பிரிவைத்தான் முதலில் எடுத்துக் காட்டுவேன். பழைய தண்டனைச் சட்டத்தில் 2013-ல் சேர்க்கப்பட்ட 354சி பிரிவு இப்போது இந்த எண்ணில் இருக்கிறது. ஒரு பெண் படம் எடுக்கச் சம்மதித்திருந்தாலும், அதை மூன்றாம் நபருக்குக் கொடுக்கச் சம்மதிக்கவில்லை என்றால் கொடுத்தது குற்றம் என்று அதன் விளக்கம் தெளிவாகச் சொல்கிறது. முதல் முறை என்றாலே ஓராண்டிலிருந்து மூன்றாண்டு வரை சிறை. இதைத் தமிழில் நிதானமாகச் சொல்லும்போது, "இன்னொரு தடவை சொல்லுங்க" என்று கேட்பவர்கள் உண்டு.

மிரட்டுகிறவர்களும் சட்டம் பேசுகிறார்கள். "நீயும்தானே அனுப்பின, உன்னையும் பிடிப்பாங்க." இந்த மிரட்டல் எடுபடுவதற்குக் காரணம் இருக்கிறது. தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 67, 67ஏ பிரிவுகள் படம் ஆபாசமா, பாலியல் செயலைக் காட்டுகிறதா என்றுதான் பார்க்கின்றன. யாருடைய சம்மதம் மீறப்பட்டது என்று கேட்பதில்லை. அதே சட்டத்தின் 66இ அப்படியில்லை. அது தனியுரிமையைப் பற்றியது, ஆண் பெண் இருவருக்கும் பொருந்தும். புகாரிலேயே 77-ஐயும் 66இ-யையும் சேர்த்து எழுதச் சொல்லி நான் பிடிவாதமாக நிற்பது இதனால்தான். 77 பெண்களை மட்டுமே பாதிக்கப்பட்டவராகப் பார்க்கிறது. ஆண்கள் வரும்போது 66இ-யும் பணப்பறிப்புப் பிரிவும்தான் கைகொடுக்கும். அவர்கள் பெரும்பாலும் கையிலிருந்த பணமெல்லாம் கொடுத்து முடித்த பிறகுதான் வருகிறார்கள். கொடுத்ததால் மிரட்டல் நின்றதை நான் பார்த்ததில்லை.

அப்புறம் சாட்சியம். விஷயம் தெரிந்ததும் வீட்டில் செய்கிற முதல் வேலை, போனைப் பிடுங்கி எல்லாவற்றையும் அழிப்பது. அந்தப் பதற்றம் புரிகிறது. ஆனால் அழிவது நம்மிடம் இருக்கும் ஆதாரம் மட்டுமே. அவனிடம் இருக்கும் படம் அழியாது. மிரட்டல் செய்தி, கணக்கின் பெயர், எண், இணைப்பு முகவரி, தேதி எல்லாம் அப்படியே இருக்க வேண்டும். மின்னணுப் பதிவை நீதிமன்றத்தில் கொடுக்க அதற்கான சான்றிதழும் தேவை.

படத்தை நீக்குவது தனி ஓட்டம். இப்படிப்பட்ட படங்களைப் புகார் வந்த 24 மணி நேரத்துக்குள் நீக்க வேண்டும் என்று தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் கீழ் வந்த 2021 விதிகள் தளங்களைக் கட்டாயப்படுத்தின. மார்பிங் செய்த படங்களுக்கும் சேர்த்துத்தான். பாதிக்கப்பட்டவருக்காக வேறொருவரும் புகார் தரலாம். தன் படத்தைத் தானே தேடிப் பார்க்கும் கொடுமையிலிருந்து ஒருவரைக் காப்பாற்ற இந்த ஒரு வசதி எவ்வளவு உதவுகிறது தெரியுமா! ஸ்டாப்என்சிஐஐ என்ற இலவசச் சேவையும் இருக்கிறது. படம் நம் கருவியை விட்டு வெளியே போகாது. படத்திலிருந்து கணினி உருவாக்கும், கைரேகை போன்ற ஓர் எண் அடையாளம் மட்டும் அதில் இணைந்த தளங்களுக்குப் போகும். அதில் இணையாத தளங்களுக்கு இது எட்டாது என்பதையும் சொல்லிவிடுவேன்.

சட்டம் எட்டாத இழப்புகள் இன்னொரு பக்கம். கல்லூரிக்கு அனுப்பாமல் நிறுத்திவிடுகிறார்கள். அலுவலகத்தில் "கொஞ்ச நாள் லீவில் இருங்க" என்கிறார்கள், பிறகு கூப்பிடுவதே இல்லை. தண்டனை முழுக்க அவள் பக்கம் வந்து சேர்கிறது.

படத்தை வாங்கி இன்னொரு குழுவுக்குத் தள்ளிவிட்டவர்களும் பரப்பியவர்கள்தான். முதலில் பரப்பியவன், பிறகு பரப்பியவன் என்று 77-ஆவது பிரிவு வேறுபாடு பார்ப்பதில்லை. அப்படித் தள்ளிவிட்ட ஒரு பையனுக்கு முன்ஜாமீன் கேட்டு அவனுடைய பெற்றோர் என்னிடமே வந்தார்கள். "ஒரே ஒரு குரூப்ல தான் சார் போட்டான்" என்று தொடங்கி, "மேடம்" என்று திருத்திக்கொண்டார் அப்பா. பதற்றத்தில் இருந்தார். அந்தக் குழுவில் எத்தனை பேர் என்று கேட்டேன், அவருக்குத் தெரியவில்லை. வேறு வழக்கறிஞரைப் பார்க்கச் சொல்லி அனுப்பிவிட்டேன். பாதிக்கப்பட்டவர்கள் வந்து உட்காரும் அதே நாற்காலியில் அந்தத் தரப்பையும் உட்கார வைக்க எனக்கு மனம் வரவில்லை.