கொடிக்கு வேரும் வேண்டும், கொழுகொம்பும் வேண்டும்: சிம்ஸ் 4-இல் ஒரு கல்வீட்டுக்குப் பசுமை சேர்த்த அனுபவம்

வீடு கட்டி, ‘சிம்’ எனப்படும் மனிதர்களை அதில் குடிவைத்து விளையாடும் கணினி விளையாட்டான சிம்ஸ் 4-இல் இதுவரை நான் கட்டிய வீடுகள் எல்லாவற்றிலும் ஒரே குறை இருந்தது. சுவரும் கூரையும் ஜன்னலும் அளவாக அமைந்த பிறகும், நேற்றுக் கட்டி முடித்து இன்று சாவியைக் கையில் கொடுத்த வீடு போலவே அது நிற்கும். அங்கே யாரோ முப்பது ஆண்டுகளாக வாழ்ந்து வருகிறார்கள் என்ற எண்ணம் பார்ப்பவருக்கு வராது. இந்த முறை அந்தக் குறையைப் படர்கொடிகளால் மட்டுமே போக்கிப் பார்ப்பது என்று முடிவு செய்து, விளையாட்டின் கற்பனை ஊரான ஹென்ஃபோர்ட்-ஆன்-பேக்லியில் ஒரு சிறிய கல்வீட்டை எடுத்துக்கொண்டேன். 2021 ஜூலையில் காட்டேஜ் லிவிங் என்ற கூடுதல் தொகுப்போடு வந்த இந்த ஊர் இங்கிலாந்தின் நாட்டுப்புறத்தை ஒத்தது என்பதால், கொடி ஏறிய கல்சுவர் அங்கே இயல்பாகப் பொருந்தும். விளையாட்டில் தரை சதுரக் கட்டங்களாகப் பிரிந்திருக்கும்; அந்தக் கணக்கில் வீடு 12 கட்டம் நீளமும் 8 கட்டம் அகலமும் கொண்டது. இரண்டு தளங்கள், சரிவான கூரை, பின்புறம் ஒரு பந்தல்.

முதல் மாலை முழுவதும் வீணானது. சுவரில் மாட்டும் வகைக் கொடியை எடுத்து, வெற்றிடம் கண்ட இடத்திலெல்லாம் ஒட்டினேன். தள்ளி நின்று பார்த்தபோது, சுவரில் பச்சைத் துணியைத் துண்டு துண்டாகக் கிழித்து மாட்டியது போல இருந்தது. பொருளில் குறையில்லை, எந்தக் கொடிக்கும் வேர் எங்கே இருக்கிறது என்று நான் யோசிக்கவே இல்லை என்பதுதான் பிழை. இரண்டாம் தளத்து ஜன்னலுக்குக் கீழே தொடங்கி அங்கேயே முடிந்துவிடும் கொடி உலகத்தில் எங்கும் இல்லை. எல்லாவற்றையும் அகற்றிவிட்டு, ஒவ்வொரு கொடிக்கும் மண்ணில் ஓர் இடத்தையும், அது பற்றி ஏறுவதற்கு ஒரு கொழுகொம்பையும் முதலில் குறித்துக்கொண்டேன். இதற்குப் பிறகு செய்த வேலை முழுவதும் இந்த ஒரு முடிவிலிருந்து வந்ததுதான்.

எந்தக் கொடி எப்படி ஏறும் என்பதை அறிந்துகொண்டால் விளையாட்டில் அதை எங்கே வைப்பது என்ற கேள்விக்கு விடை தானாகக் கிடைத்துவிடுகிறது. ஐவி தன் தண்டிலிருந்து முளைக்கும் சிறு பற்றுவேர்களால் கல்லையே பிடித்துக்கொண்டு ஏறும். அதற்குச் சட்டமோ கயிறோ தேவையில்லை, நிழலையும் தாங்கும். ஆகவே வெயில் படாத பின்பக்கக் கல்சுவரை ஐவிக்கு ஒதுக்கினேன். கொடிரோஜாவுக்குப் பற்றுக்கம்பியும் இல்லை, பற்றுவேரும் இல்லை. யாராவது சட்டம் அடித்துக் கட்டிவிட்டால்தான் அது மேலே போகும். எனவே அது வீட்டார் தினமும் கடந்து போகும் வாசல் ஓரத்தில், மரத்தட்டியின் மேல் இருக்க வேண்டும். விஸ்டேரியா தூணைச் சுற்றிச் சுற்றி ஏறி, மேலே போனதும் பூக்கொத்துகளைக் கீழ்நோக்கித் தொங்கவிடும் இயல்புடையது. 1816-இல் சீனாவிலிருந்து இங்கிலாந்துக்கு வந்த இக்கொடியை அந்நாட்டுப் பழைய வீடுகளின் முகப்புகளில் இன்று பரவலாகக் காணலாம். அதற்கு ஈடாக ஊதா நிறப் பூக்கொடி ஒன்றைத் தேர்ந்து பந்தலுக்கு வைத்துக்கொண்டேன்.

கட்டளைகளைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். கண்ட்ரோல், ஷிஃப்ட், சி ஆகிய மூன்றையும் சேர்த்து அழுத்தினால் திறக்கும் பெட்டியில் ‘பிபி.மூவ்ஆப்ஜெக்ட்ஸ் ஆன்’ என்று ஆங்கில எழுத்துகளில் தட்டினால், ஒரு பொருளை இன்னொன்றின் மேலும் சுவருக்குள்ளும் வைக்க விளையாட்டு இடம் கொடுக்கும். ஆல்ட் விசையை அழுத்திக்கொண்டு நகர்த்தினால் பொருள் கட்டத்துக்குக் கட்டுப்படாது. சதுர அடைப்புக்குறி விசைகளை ஷிஃப்ட்டோடு அழுத்தினால் பெரிதாகும் அல்லது சிறிதாகும். கண்ட்ரோலோடு 9 உயர்த்தும், 0 தாழ்த்தும். முதலில் அளவு, பிறகு திசை, கடைசியில் உயரம் என்ற வரிசையில் செய்தால் வேலை சீராக நடக்கிறது. வரிசை மாறினால் உயர்த்திய பொருளை மீண்டும் கீழே இறக்கித் தொடங்க வேண்டியதாகிறது.

ஐவிச் சுவர்தான் அதிக நேரம் எடுத்தது. விரைவாக முடித்துவிடலாம் என்று ஒரே கொடியை இரண்டு முறை பெரிதாக்கிச் சுவர் முழுவதையும் மூடிப் பார்த்தேன். தூரத்தில் நன்றாக இருந்தது. பக்கத்தில் போனபோது, பின்கதவின் கைப்பிடியை விட ஓர் இலை பெரிதாக இருந்தது. இலையின் ஓரமும் மங்கித் தெரிந்தது. ஐவியின் இலை பெரும்பாலும் உள்ளங்கைக்குள் அடங்கிவிடும் அளவினது. கதவும் கைப்பிடியும் பக்கத்திலேயே இருப்பதால் கண் உடனே அளவைப் பிடித்துவிடுகிறது. ஆகவே பெரிதாக்குவதை அடியோடு விட்டுவிட்டு, இயல்பான அளவிலேயே பல கொடிகளை வைத்தேன். அடிப்பகுதியில் நெருக்கமாகவும், மேலே போகப் போக இடைவெளி விட்டும், நுனியில் ஒரு படி சிறிதாக்கிய கொத்து ஒன்றைச் சற்றே சாய்த்தும் வைத்தபோதுதான் அது ஒரே செடியாகத் தெரிந்தது. மேல்நோக்கி மெலிந்துகொண்டே போகும் அந்தக் கோடு கிடைத்த பிறகு நான் நீண்ட நேரம் எதையும் மாற்றாமல் பார்த்துக்கொண்டிருந்தேன்.

இந்தச் சுவரில் இன்னும் இரண்டு சிக்கல்கள் வந்தன. சுவரில் மாட்டும் கொடிகள் ஒன்றன் மேல் ஒன்று விழுந்தால், இரண்டும் ஒரே ஆழத்தில் இருப்பதால், கேமராவை நகர்த்தும்போது இலைகள் மினுக்கி மினுக்கித் தெரியும். ஒன்றைச் சுவரில் மாட்டி, அதன் முன்னால் தரையில் வைக்கும் வகைப் புதர்ச்செடி ஒன்றை உயர்த்தி நிறுத்தினால் இந்த மினுக்கல் போய்விடுகிறது. சுவர்ப் படர்ப்புக்கு ஒரு தடிமனும் கிடைக்கிறது. ஆனால் அப்படி நிறுத்திய செடிகளில் ஒன்றை அளவுக்கு மீறிச் சுவரோடு அழுத்திவிட்டேன் போலும். உள்ளே போய்ப் பார்த்தால் அடுப்புக்கு மேலே சுவரைத் துளைத்துக்கொண்டு நான்கு இலைகள் நீட்டிக்கொண்டிருந்தன. கட்டத்தில் கால்பங்கு அளவு வெளியே இழுத்ததும் சரியாயிற்று. சுவருக்குள் செடியைத் தள்ளும் ஒவ்வொரு முறையும் உள்ளறையையும் பார்த்துவிடுவது இப்போது எனக்குப் பழக்கமாகிவிட்டது.

கட்டும்போது கவனிக்க வேண்டிய மற்றொன்று தளக் கணக்கு. தரையில் வைத்து உயர்த்திய செடி எவ்வளவு மேலே போனாலும் தரைத்தளத்துப் பொருளாகவே இருக்கும். மேல்தளத்தை மறைத்துவிட்டுக் கீழ்த்தளத்தை மட்டும் பார்த்தால், மாடி ஜன்னல் உயரத்துக்கு ஏற்றிய இலைக்கொத்துகள் வெறும் வானத்தில் மிதந்தன. சுவரில் மாட்டியவையோ, சுவர்களைத் தாழ்த்திப் பார்க்கும் காட்சியில் சுவரோடு சேர்ந்து மறைந்துவிடும். வீட்டைப் படம் எடுப்பதற்காக மட்டும் கட்டுவோருக்கு இது பெரிதில்லை. நான் அந்த வீட்டில் ஒரு குடும்பத்தைக் குடிவைத்து விளையாடுகிறவன் என்பதால், இயன்ற வரையில் மேல்தளத்துக் கொடியை அந்தத் தளத்திலேயே மாட்டி, உயர்த்தும் முறையைக் குறைத்துக்கொண்டேன்.

வேரிடத்துக்கு நான் கொடுத்த கவனம் வீண்போகவில்லை. சுவரடியில் புல்லை விலக்கி, தரைக்குப் பூசும் வண்ணத்தில் ஈரமண் நிறத்தை மிகச் சிறிய தூரிகையால் தொட்டு வைத்தேன். அதன் மேல், மறைவுப் பொருள்களைக் காட்டும் கட்டளையால் கிடைக்கும் களைப்புல்லையும் கூழாங்கல்லையும் நெருக்கமாக இட்டேன். இவ்வகைப் பொருள்களுக்கு விலையும் இல்லை. கொடி அந்த மண்ணிலிருந்துதான் கிளம்பியிருக்கிறது என்ற உணர்வை, சுவரில் வைத்த இலைகள் அனைத்தையும் விட இந்த ஒரு சாண் அகல மண்தான் தந்தது.

வாசல் ரோஜாவில் அழகு விரைவாகவே அமைந்தது. ஆனால் விளையாடத் தொடங்கியதும், வீட்டுக்காரி கையை உதறியபடி கதவுக்கு வெளியிலேயே நின்றுவிட்டாள். தட்டியின் அடியில் நான் நெருக்கி வைத்த இரண்டு தொட்டிகள் வாசல் கட்டத்துக்குள் நீண்டிருந்தன. எதையும் எங்கும் வைக்க இடம்கொடுக்கும் கட்டளை, சிம் நடந்து போகப் பாதை இருக்கிறதா என்று நமக்காகப் பார்க்காது. தொட்டிகளை ஒரு கட்டம் தள்ளியதும் அவள் உள்ளே போனாள். கதவுக்கு முன்னும் படிக்கட்டின் கீழும் ஒரு முழுக் கட்டம் வெறுமையாக இருக்கட்டும். செடியின் நிறைவைக் கதவின் மேற்புறத்தில் காட்டிக்கொள்ளலாம்.

பந்தலைப் பற்றி எனக்கு இன்னும் முழு நிறைவில்லை. தூணில் எதையும் மாட்ட முடியாது, ஏனெனில் தூண் சுவரல்ல. எனவே மிகச் சிறிதாக்கிய கொடிகளை ஒவ்வொன்றாகத் திருப்பி, தூணைச் சுற்றி ஏறுவது போல ஏழு இடங்களில் உயர்த்தி வைத்தேன். சீன விஸ்டேரியா இடஞ்சுழியாகவும் ஜப்பானிய வகை வலஞ்சுழியாகவும் ஏறும். நான் சீன வகையின் சுழற்சியைப் பின்பற்றினேன். தூண் நன்றாகவே வந்தது. உத்தரங்களிலிருந்து தொங்க வேண்டிய பூக்கொத்துகள்தான் இன்னும் விறைப்பாக நிற்கின்றன. அவற்றை வெவ்வேறு உயரத்தில் தாழ்த்தி வைத்துப் பார்த்துக்கொண்டிருக்கிறேன்; பாதி முடிந்திருக்கிறது.

வீட்டை விளையாட்டுக்குள் இருக்கும் சேமிப்பு நூலகத்தில் சேமித்து வேறொரு மனையில் வைத்துச் சோதித்தபோது, ‘பிபி.மூவ்ஆப்ஜெக்ட்ஸ் ஆன்’ கட்டளையை முன்கூட்டியே இயக்காவிட்டால் ஒன்றோடொன்று மோதும் செடிகள் இடம் மாறிவிடுகின்றன அல்லது வராமலே போகின்றன என்று தெரிந்தது. இதுபோன்ற வீட்டை யாருக்காவது பகிர்ந்தால் குறிப்பில் இதை எழுதிவிடுவது அவசியம். என் பழைய மடிக்கணினியில் செடிகளின் எண்ணிக்கை ஏற ஏறக் கேமரா திணறியதையும் கண்டேன். யாரும் பார்க்காத கொல்லைப்புற மூலையில் இருந்தவற்றை நீக்கியதும் அது சீரானது.

தோட்டத்தில் விதைக்கும் செடிகள் வளர்வது போல இந்த அலங்காரக் கொடிகள் தாமாக வளர்வதில்லை. அதனால் மேற்குச் சுவரை வேண்டுமென்றே ஒதுக்கி வைத்திருக்கிறேன். அங்கே இப்போது அடியில் ஒரே ஒரு சிறு ஐவிக் கொத்து இருக்கிறது. அந்த வீட்டுக் குழந்தை தவழும் வயதில் இருந்தபோது அதை வைத்தேன்; நேற்று அவன் பள்ளி செல்லும் வயதுக்கு வந்தான், கட்டும் பகுதிக்குப் போய் இரண்டாவது கொத்தை ஜன்னலின் கீழ்விளிம்பு வரை ஏற்றினேன். அவன் பதின்வயதை எட்டும்போது அது ஜன்னலைத் தாண்டும்.