சிப்பியிடம் நான் கற்காமல் விட்ட பாதி

தண்ணீரில் மிதக்கும் தங்கம் சிவப்பாக இருக்கும். இதைப் படித்துத் தெரிந்துவைத்திருந்தேன். ஆனாலும் முதல் முறை கண்ணால் பார்த்தபோது அசந்து நின்றுவிட்டேன். கொதிக்கும் தங்கக் குளோரைடு கரைசலில் சிட்ரேட்டை ஊற்றியதும் அந்த லேசான மஞ்சள் மறைந்து நிறமே இல்லாமல் போகும். அப்புறம் மை சிந்தியதுபோல் ஒரு கருநீலம் வரும். சில நிமிடங்களில் அது தெளிந்து மாதுளை முத்தின் சிவப்புக்கு வந்து நிற்கும். 1951-இல் டர்கெவிச்சும் அவருடைய சகாக்களும் விரிவாக ஆராய்ந்து எழுதிய முறை இது. கிடைக்கும் துகள்கள் ஏறக்குறைய 20 நானோமீட்டர். ஒரு தலைமுடியின் தடிமனில் சில ஆயிரத்தில் ஒரு பங்கு.

இந்தச் சிவப்பைக் காப்பாற்றுவதில்தான் என் பிஎச்டியின் முதல் இரண்டு ஆண்டுகள் போயின. துகள்கள் ஒன்றோடொன்று ஒட்டிக் கட்டியானால் நிறம் ஊதாவாகும், பிறகு நீலமாகும், கடைசியில் அடியில் கறுப்பாகப் படியும். எந்தக் கருவியும் வேண்டாம், குப்பியைத் தூக்கிப் பார்த்தாலே விஷயம் தெரிந்துவிடும். முதல் ஏழெட்டு பேட்ச் எனக்கு ஊதாவில்தான் முடிந்தது. காரணம் குடுவை. முந்தைய வேலையின் தடயம் கண்ணாடியில் கொஞ்சம் இருந்தாலும் தங்கம் அங்கே போய் உட்கார்ந்துகொள்ளும். மூன்று பங்கு ஹைட்ரோகுளோரிக் அமிலமும் ஒரு பங்கு நைட்ரிக் அமிலமும் சேர்ந்த ராஜ திராவகத்தால் குடுவையைக் கழுவி, சுத்தமான தண்ணீரால் பலமுறை அலசிய பிறகுதான் சிவப்பு நிலைத்தது. புதிதாக வருபவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும்: ராஜ திராவகத்தை அன்றன்றைக்குத் தேவையான அளவு மட்டும் கலக்குங்கள். மூடிய பாட்டிலில் எடுத்து வைக்கவே வைக்காதீர்கள். வாயு சேர்ந்து பாட்டில் வெடிக்கும்.

சரி, சிவப்புக் கரைசல் வந்தாயிற்று. புற்றுநோய்க் கட்டிக்கு மருந்து சுமக்கும்படி அதை உடலுக்குள் அனுப்ப என்ன செய்வது? ரத்தத்தில் உப்பு உண்டு. 0.9 சதவீத உப்புக் கரைசலில் ஒரு சொட்டு விட்டாலே சிட்ரேட் ஒட்டிய தங்கத் துகள்கள் நீலமாகிவிடும். துகளின் மேல் இருக்கும் எதிர் மின்சுமைதான் அவற்றை விலக்கி வைத்திருக்கிறது. உப்பு அந்த விலக்கத்தை மறைத்துவிடுகிறது. அதனால் மேலே ஒரு போர்வை வேண்டும். அந்தப் போர்வையிலேயே மருந்தையும் கோக்க முடிந்தால் இன்னும் நல்லது.

என் வழிகாட்டி கையில் கொடுத்தது 2007-இல் சயின்ஸ் இதழில் வந்த ஓர் ஆய்வுக் கட்டுரை. பிலிப் மெசர்ஸ்மித்தின் குழு எழுதியது. கடற்கரைப் பாறைகளில் அலை எத்தனை அடித்தாலும் பிடியை விடாத மசல் என்ற சிப்பியைப் பார்த்து எழுந்த யோசனை அது. அந்தச் சிப்பியின் பசைப் புரதங்களில் டோபா என்ற அமினோ அமிலம் நிறைய இருப்பதை ஹெர்பர்ட் வெய்ட் 1980-களின் தொடக்கத்திலேயே காட்டியிருந்தார். அதன் ஒட்டும் பகுதிக்குக் கேட்டகால் என்று பெயர்: ஒரு பென்சீன் வளையம், அதில் பக்கத்துப் பக்கத்தில் இரண்டு ஹைட்ராக்சில் தொகுதிகள். அதே கேட்டகால் டோபமைனிலும் இருக்கிறது. ஒரு மில்லிலிட்டருக்கு 2 மில்லிகிராம் டோபமைன், பிஎச் 8.5-இல், அதாவது லேசான காரத் தன்மையில், மாறாமல் நிற்கும் பஃபர் கரைசல், காற்று. இவ்வளவு போதும். உலோகம், கண்ணாடி, பிளாஸ்டிக், எதை அதில் போட்டு வைத்தாலும் மேலே பழுப்பாக ஒரு படலம் ஏறிவிடும். எதிலும் ஒட்டாத டெஃப்லானிலும்கூட!

படித்த அன்று இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. மறுநாளே அதே அளவில் என் தங்கத் துகள்களுக்குப் போட்டுப் பார்த்தேன். மதியத்துக்குள் மொத்தமும் கறுப்புக் குழம்பு. அந்த அளவு தட்டையான பரப்புக்கானது. துகள்கள் மிதக்கும் கரைசலில் டோபமைன் போர்வையாகவும் படியும், தனக்குத் தானே உருண்டையாகவும் திரளும், துகளையும் துகளையும் சேர்த்து ஒட்டவும் செய்யும். அளவை இருபதில் ஒரு பங்காகக் குறைத்து, சொட்டுச் சொட்டாக விட்டு, ஒரு மணி நேரத்தில் நிறுத்தி, உடனே சென்ட்ரிஃபியூஜில் சுழற்றிக் கழுவியபோது சிவப்பு லேசாகப் பழுத்து நின்றது. உப்பிலும் நின்றது. அந்தக் குப்பியை ஒரு மாதம் மேசையிலேயே வைத்திருந்தேன், தினமும் காலையில் வந்ததும் பார்ப்பதற்காக.

அடுத்தது செல் சோதனை. இங்கே நடந்ததைக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன். நிறைய பேர் இதே இடத்தில் தடுக்கி விழுவதைப் பிறகு பார்த்திருக்கிறேன்.

மருந்து ஏற்றாத வெற்றுத் துகள் செல்களைக் கொல்லுமா என்று பார்க்க வழக்கமாகச் செய்வது எம்டிடி சோதனை. மஞ்சள் சாயம் ஒன்றை 96 குழித் தட்டில் சேர்ப்போம். உயிரோடு இருக்கும் செல்கள் அதை ஊதாப் படிகமாக மாற்றும். எவ்வளவு ஊதாவோ அவ்வளவு செல்கள் பிழைத்திருக்கின்றன என்று கணக்கு. எனக்கு 118 சதவீதம் வந்தது. துகளே சேர்க்காத குழிகளைவிட அதிகம். துகள்கள் செல்களின் வளர்ச்சியைத் தூண்டுகின்றன போலும் என்று நானே ஒரு விளக்கத்தையும் எழுதி, கட்டுரையை அனுப்பிவிட்டேன்.

ஒரு மதிப்பீட்டாளரிடமிருந்து ஒரே ஒரு கேள்வி திரும்பி வந்தது. செல்களே இல்லாத குழியில் உங்கள் துகளையும் சாயத்தையும் மட்டும் போட்டுப் பார்த்தீர்களா?

பார்க்கவில்லை. அன்று மாலையே போட்டேன். எட்டுக் குழிகள், வெறும் ஊட்டக் கரைசல், என் துகள், சாயம். இன்குபேட்டரிலிருந்து தட்டை எடுத்து விளக்குக்கு நேராகப் பிடித்தபோது எட்டும் ஊதா. ஒரு செல்கூட இல்லாத குழிகள் அவை. கேட்டகால் சுலபமாக எலக்ட்ரானைக் கொடுக்கும் தொகுதி. செல் செய்ய வேண்டிய வேலையை அதுவே செய்துவிட்டிருந்தது. போதாக்குறைக்கு, தங்கத் துகளும் 520 நானோமீட்டரைச் சுற்றி ஒளியை உறிஞ்சும். படிகத்தைக் கருவி அளக்கும் 570 அதற்குப் பக்கத்திலேயே இருக்கிறது. பதினோரு மாதத் தரவு வீணானது. தட்டைக் கீழே வைத்துவிட்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தேன். அழுகை வந்தது. ஆனால் அந்தக் கேள்வியைக் கேட்டவர் மேல் இன்றுவரை எனக்கு நன்றிதான். அவர் யாரென்று தெரியாது. கட்டுரையை நாங்களே திரும்பப் பெற்றுக்கொண்டோம். உயிருள்ள செல்லையும் செத்த செல்லையும் தனித்தனி நிறத்தில் சாயமேற்றி நுண்ணோக்கியில் எண்ணும் முறைக்கு மாறி, எல்லாவற்றையும் திரும்பச் செய்தோம். பிழைத்தவை 90 சதவீதத்தை ஒட்டி வந்தன. அது உண்மையான எண்.

ஆய்வேடு எழுதியது, வாய்மொழித் தேர்வு, அதைப் பற்றியெல்லாம் சொல்ல அதிகம் இல்லை. முடிந்தது.

முதுமுனைவர் ஆய்வுக்குப் போன இடத்தில் நோயெதிர்ப்புச் செல்களோடு வேலை. அங்கே என் துகள் பட்டதும் செல்கள் அழற்சிச் சமிக்ஞைகளைக் கொட்டின. துகளின் குற்றம் என்று நான் முடிவுகட்டப் போன நேரத்தில், எண்டோடாக்சின் பார்த்தாயா என்று லேபில் ஒரு சீனியர் கேட்டார். பாக்டீரியாவின் வெளிச்சுவரிலிருந்து உதிரும் பொருள் அது. நீராவியால் கிருமி நீக்கும் 121 டிகிரி ஆட்டோகிளேவில் பாக்டீரியா சாகும், எண்டோடாக்சின் அப்படியே இருக்கும். கண்ணாடிப் பாத்திரங்களை 250 டிகிரியில் உலர் வெப்பத்தில் அரை மணி நேரம் வைத்தால்தான் அது போகும். அதைக் கண்டுபிடிக்கும் சோதனை குதிரைலாட நண்டின் நீல ரத்தத்திலிருந்து வருவது. அந்த ரத்தச் செல்களின் சாறு எண்டோடாக்சின் பட்டால் உறையும். என் கரைசலில் அது வேண்டிய மட்டும் இருந்தது. தண்ணீரை மாற்றி, கண்ணாடிகளைச் சுட்டு, புது பேட்ச் செய்தேன். செல்கள் அமைதியாக இருந்தன. இரண்டாவது முறையாக, துகளைப் பற்றிய முடிவு என்று நான் நினைத்தது வேறு ஏதோ ஒன்றைப் பற்றியதாக இருந்தது.

பிறகு சொந்தமாக ஒரு சிறு ஆய்வுக் குழு அமைந்தது. துகளின் கேட்டகாலில் போர்ட்டெசோமிப் என்ற புற்றுநோய் மருந்தைக் கோத்தோம். அதிலிருக்கும் போரானிக் அமிலத் தொகுதி கேட்டகாலோடு பிணைந்துகொள்ளும். ரத்தத்தின் பிஎச் 7.4-இல் அந்தப் பிணைப்பு ஓரளவு தாங்கும், அமிலத் தன்மை கூடிய இடத்தில் அவிழும். புற்றுநோய்க் கட்டியின் சுற்றுப்புறமும், செல்லுக்குள் செரிமானப் பைபோல் இருக்கும் லைசோசோமும் அமிலத் தன்மை கொண்டவை. காகிதத்தில் எல்லாம் அழகாகப் பொருந்தியது. விலங்கு நெறிமுறைக் குழுவின் அனுமதிக்காக எட்டு மாதம் காத்திருந்தோம். எத்தனை எலிகள், ஏன் அத்தனை, குறைக்க முடியாதா, வலி இல்லாமல் எப்படி என்று ஒவ்வொன்றுக்கும் பதில் எழுத வேண்டியிருந்தது. அந்தக் கேள்விகள் அவசியமானவை என்று எழுதும்போதே உணர்ந்தேன்.

சோதனை முடிந்து ஒவ்வோர் உறுப்பிலும் எவ்வளவு தங்கம் இருக்கிறது என்று அளந்தோம். பெரும்பகுதி கல்லீரலிலும் மண்ணீரலிலும். கட்டியில் இருந்தது ஒரு சதவீதத்தைத் தொடவில்லை. எங்களுக்கு மட்டும் இப்படி இல்லை. பத்து ஆண்டுகளில் வெளிவந்த ஆய்வுகளைத் தொகுத்து 2016-இல் வந்த ஒரு மதிப்பாய்வில், கட்டியை அடையும் அளவின் இடைநிலை மதிப்பு 0.7 சதவீதம். ரத்தத்தில் இறங்கியதுமே புரதங்கள் துகளைப் போர்த்திவிடுகின்றன. நான் பார்த்துப் பார்த்துச் செய்த போர்வையை உடல் பார்ப்பதே இல்லை. அது பார்ப்பது மேலே படிந்த புரதத்தை. அதிலும் என் போர்வை எதையும் பிடித்துக்கொள்ளும் போர்வை. ரத்தத்துக்குள் அனுப்ப இதைவிடப் பொருந்தாத ஒன்றைத் தேர்ந்தெடுத்திருக்க முடியாது.

நிதி விண்ணப்பம் இரண்டு முறை திரும்பி வந்தது. இரண்டாவது முறை வந்த குறிப்பில் ஒரு வரி மனதில் தங்கிவிட்டது: இது ரத்த நாளத்தின் வழியாகத்தான் போக வேண்டுமா? அந்த நேரத்தில்தான் பாட்டிசிரான் பற்றிப் படித்துக்கொண்டிருந்தேன். 2018-இல் அமெரிக்காவில் ஒப்புதல் பெற்ற மருந்து அது. கொழுப்பு நானோதுகளுக்குள் ஆர்என்ஏ வைத்தது. அந்தத் துகளின் மேல் ரத்தத்தில் உள்ள அபோஈ என்ற புரதம் படிகிறது, அந்தப் புரதத்தைப் பார்த்துத்தான் கல்லீரல் அதை உள்ளே எடுக்கிறது. அந்த மருந்து குறிவைக்கும் நோய்க்குக் காரணமான புரதம் பெரும்பாலும் உருவாவதும் கல்லீரலில். துகள் எங்கே போக விரும்புகிறதோ அங்கேயே வேலையை வைத்திருக்கிறார்கள். நானோ பல ஆண்டுகளாக என் துகளை அதன் இயல்புக்கு எதிராக இழுத்துக்கொண்டிருந்தேன்.

சிப்பியைப் பற்றிய பழைய கட்டுரைகளை மறுபடி எடுத்தேன். வேதியியல் பகுதியை முன்பு வரிவரியாகப் படித்திருந்தேன், உயிரியல் பகுதியைப் புரட்டிவிட்டுப் போயிருந்தேன். அங்கேதான் இருந்தது. கடல்நீரின் பிஎச் ஏறக்குறைய 8. அதில் டோபா சீக்கிரமே ஆக்சிஜனேற்றம் அடைந்து, பாறையைப் பிடிக்கும் திறனை இழந்துவிடும். அதனால் சிப்பி தன் காலைப் பாறையில் அழுத்தி, உள்ளே கடல்நீர் புகாத சின்ன இடத்தை உண்டாக்கி, அந்த இடத்தை அமிலமாக்குகிறது. ஆக்சிஜனேற்றம் நடந்துவிடாமல் பார்த்துக்கொள்ள, கந்தகம் உள்ள தொகுதிகளைக் கொண்ட இன்னொரு புரதத்தையும் சேர்த்து விடுகிறது. முதலில் ஒட்டல். கால் விலகிய பிறகு கடல்நீர் பட்டு இறுகல். நான் அதன் மூலக்கூறை எடுத்துக்கொண்டேன், வரிசையை விட்டுவிட்டேன்.

இப்போது எங்கள் வேலை ரத்தத்தில் இல்லை. கட்டியை அறுவை சிகிச்சையில் எடுத்த பிறகு மிஞ்சும் ஈரமான பரப்பில் ஒட்டி நின்று மருந்தை மெல்ல விடும் ஜெல் ஒன்றைச் செய்கிறோம். இறால், நண்டு ஓடுகளிலிருந்து எடுக்கும் கைட்டோசானில் கேட்டகாலைக் கோத்ததுதான் அடிப்படை. முதல் முயற்சிகளில் பஃபரை முன்பே கலந்து தடவினோம்; ஜெல் தடவும் முன்பே பழுத்து இறுகி, ஈரத் திசுவிலிருந்து தோல் உரிவதுபோல் உரிந்து வந்தது. இப்போது அமிலத்தில் கரைத்த ஜெல்லைத் திசுத் துண்டின் மேல் வைத்து இரண்டு நிமிடம் அழுத்திப் பிடிக்கிறோம். அப்புறம்தான் மேலே பஃபரை விடுகிறோம்.

போன வாரம் எங்கள் மாணவி ஒருவர், உப்புக் கரைசலில் மூழ்கியிருந்த ஒரு துண்டை இடுக்கியால் தூக்கிக் காட்டினார். ஓரத்திலிருந்து பழுப்பு மெதுவாக உள்ளே ஏறிக்கொண்டிருந்தது. ஜெல்லைப் பிடித்து இழுத்தார். திசுவும் சேர்ந்தே வந்தது, பிடி விடவில்லை. பக்கத்தில் இன்னொரு கிண்ணம் இருந்தது, அதில் ஜெல் மட்டும், திசு இல்லாமல். அதன் நிறத்தையும் நேரத்தையும் முதலில் குறித்துவிட்டுத்தான் அவர் என்னைக் கூப்பிட்டிருந்தார்.