140 வயது, லெவல் 1: ஓர்வின் உருவான கதை

டன்ஜன்ஸ் அண்ட் டிராகன்ஸ் என்பது ஆளுக்கொரு கற்பனைப் பாத்திரமாகி, பகடை உருட்டிக் கதையை நகர்த்தும் ஆட்டம். அதை ஆட நண்பர்கள் கூப்பிட்டபோது வாள்வீரன், திருடன், வில்லாளி எல்லாம் போய்விட்டன. மந்திரவாதி மட்டும் மிச்சம். சரி என்று எடுத்துக்கொண்டேன். நாங்கள் ஆடுவது 2014-ல் வந்த ஐந்தாம் பதிப்பு. அதில் ஒவ்வொரு பாத்திரத்துக்கும் ஒரு பின்னணி வேண்டும். நான் எடுத்தது 'சேஜ்', ஏடும் எழுத்துமாகவே வாழ்ந்தவர்களுக்கானது. இனம் நோம் என்ற குள்ள உருவக் கற்பனை இனம், பெயர் ஓர்வின்.

எண்களை நிரப்புவது பெரிய வேலையில்லை. அறிவு 17, பலம் 8, உயிர்ப்புள்ளி 8. கோப்ளின் என்ற ஒரு சாதாரணக் குட்டி அரக்கனின் வாள் பட்டு, சேதப் பகடையில் 6 விழுந்தால் போதும், அதனுடைய கூடுதல் 2-ம் சேர்ந்து உயிர்ப்புள்ளி பூஜ்யமாகி ஐயா மயங்கிச் சாய்ந்துவிடுவார். வாழ்க்கைக் கதைதான் இழுத்தடித்தது.

நோம்கள் 350 வயதைத் தாண்டியும் வாழ்பவர்கள். ஓர்வினுக்கு 140 என்று எழுதிக் கொடுத்தேன். ஆட்டத்தை நடத்தும் டிஎம் அதைப் பார்த்துவிட்டு, "இத்தனை வருஷம் படிச்சவர் ஏம்ப்பா இன்னும் லெவல் 1?" என்றார். லெவல் 1 என்பது ஆரம்பப் படி, அதனால் நியாயமான கேள்வி. 'மாமேதை', 'பேரறிஞர்' என்றெல்லாம் எழுதினால் இதற்குப் பதிலே கிடையாது. விதிப்புத்தகத்தில் சேஜ் பின்னணிக்கு 8 துறைகள் கொடுத்திருக்கிறார்கள். ரசவாதி, வானியலாளர், நூலகர், பேராசிரியர் என்று போகும் பட்டியலில் கடைசியாக எழுத்தர். அங்கே நின்றுவிட்டேன். நூறு வருஷம் அடுத்தவர் நூல்களைப் படியெடுத்தே காலம் தள்ளியவர். எழுத்தெல்லாம் கைக்குத் தெரியும், மந்திரம் எதையும் சொல்லிப் பார்த்ததில்லை. வயதுக்கும் லெவலுக்கும் கணக்கு சரியாகிவிட்டது.

அப்புறம் அவருடைய மூட்டை. சேஜுக்கு ஒரு புட்டி கறுப்பு மை, இறகுப் பேனா, சின்னக் கத்தி, உடுப்பு, 10 பொற்காசு. சண்டைக்கு உதவாத கத்திதான், ஆனால் தோலேட்டில் எழுதியவர்களுக்கு அது இல்லாமல் ஆகாது. இறகைச் சீவ வேண்டும், பிழையைச் சுரண்டி எடுக்க வேண்டும். ஓர்வின் யோசிக்கும்போதெல்லாம் கட்டைவிரலால் கத்தி முனையைத் தடவுவார் என்று எழுதிக்கொண்டேன். அவர் குரல் எனக்குப் பிடிபட்டது அதற்குப் பிறகுதான்.

அந்த மூட்டையில் இன்னொரு பொருளும் உண்டு: இறந்துபோன சக அறிஞர் ஒருவரின் கடிதம். அதில் உங்கள் பாத்திரத்தால் இன்னும் பதில் சொல்ல முடியாத ஒரு கேள்வி இருக்க வேண்டும். என்ன கேள்வி என்று புத்தகம் சொல்வதில்லை, நாம்தான் கண்டுபிடிக்க வேண்டும். உலகம் எப்படித் தோன்றியது என்பது மாதிரி எழுதிப் பார்த்தேன். சப்பென்று இருந்தது, யார் வேண்டுமானாலும் கேட்கலாம். ஓர்வினை மட்டுமே கேட்கக்கூடியது வேண்டும். படியெடுப்பவர் கண் தாவுவது சகஜம். ஒரே சொல் இரண்டு வரிகளில் வந்தால் நடுவில் உள்ளது விட்டுப்போகும். ஆனால் ஒரு பக்கமே விட்டுப்போனால்? கடிதத்தை ஒரே வரியில் முடித்தேன்: "அந்த நூலில் ஒரு பக்கத்தை ஏன் விட்டுவிட்டாய், ஓர்வின்?"

பதிலை நான் எழுதவில்லை, வேண்டுமென்றேதான். தெரிந்திருந்தால் அதை நோக்கியே ஆடியிருப்பேன். கடிதத்தை டிஎம்மிடம் கொடுத்துவிட்டேன். மனுஷன் சும்மா இருப்பாரா? பல வாரம் கழித்து, பாழடைந்த மடம் ஒன்றில் அந்தப் பக்கத்தையே கொண்டுவந்து வைத்தார். என்னிடம் எந்த மொழியையும் படிக்கவைக்கும் மந்திரம் இருந்தது. ஏட்டைத் தொட்டுக்கொண்டிருந்தால் பக்கத்துக்கு ஏறக்குறைய ஒரு நிமிடம். பெருமையாகப் போட்டேன். பக்கம் சங்கேதத்தில் இருந்தது. அந்த மந்திரம் ரகசியக் குறிப்புகளை உடைக்காது என்று விதியிலேயே இருக்கிறது.

ஓர்வின் இப்போது லெவல் 3. சங்கேதத்தை உடைக்க ஆள் பிடிக்கவும் காசு வேண்டும், புது மந்திரங்களைத் தன் மந்திர ஏட்டில் எழுதி ஏற்றவும் காசு வேண்டும். படியெடுத்துப் பிழைத்தவருக்கே இங்கே படியெடுக்கச் செலவு: மந்திரத்தின் ஒவ்வொரு நிலைக்கும் 50 பொற்காசு, 2 மணி நேரம். இரண்டாம் நிலை மந்திரம் ஒன்றுக்கு 100. எங்கள் வாள்வீரனோ பொதுப் பணத்தில் தனக்குக் கவசம் வாங்க வேண்டும் என்று நிற்கிறான். அடுத்த ஆட்டத்தில் அந்தப் பஞ்சாயத்துதான் முதலில்.