பாட்டி இருந்த பதினோரு நிமிடத்தை ‘வேஸ்ட்’ என்று வெட்டிவிட்டார்கள்

அம்மாவின் கல்யாணக் கேசட் 1988-இல் எடுத்தது. முகூர்த்தம் முழுக்க சினிமாப் பாட்டைப் போட்டு மிக்ஸ் பண்ணியிருப்பார்கள், ஒருத்தர் குரலும் கேட்காது. ஆனால் கடைசியில், மீதி டேப்பைத் தீர்க்கக் கேமராக்காரர் மறுநாள் எங்கள் வீட்டுத் திண்ணையில் எடுத்த துண்டு ஒன்று உண்டு. பாட்டி சுங்குடிச் சேலைக்குச் சாயம் போடுவதற்கு முன் முடிச்சுப் போட்டுக்கொண்டே சௌராஷ்டிரத்தில் பேசுவார். அவர் குரல் வேறு எதிலும் இல்லை. எனக்கு அந்த மொழி புரியும், பேச வராது. நான் இப்போது எடுக்கும் படமே அதைப் பற்றித்தான்.

கேசட்டை டிஜிட்டலாக மாற்ற மதுரை டவுன்ஹால் ரோட்டுப் பக்கம் ஒரு கடையில் கொடுத்தேன். நாலு நாள் கழித்துப் பென்டிரைவில் வந்ததைப் பார்த்தால், படத்தை அகலத்துக்கு இழுத்து எல்லார் முகமும் உப்பிக் கிடக்கிறது. திண்ணைக் காட்சியைக் காணோம். கேட்டால், “பின்னாடி ஒண்ணுமில்ல சார், ஒரு கிழவி உக்காந்திருக்கு, வேஸ்ட்டுன்னு கட் பண்ணிட்டோம்” என்கிறார். எனக்குக் கை நடுங்கிவிட்டது. நல்லவேளை, வெட்டியது ஃபைலில்தான், டேப்பில் இல்லை. ஒரு நொடிகூட வெட்டக் கூடாது என்று பில்லிலேயே எழுதி வாங்குங்கள்.

கேசட்டை வீட்டுக்குக் கொண்டுவந்து டார்ச் அடித்தேன். சுருளின் ஓரத்தில் வெள்ளை வெள்ளையாகப் பூஞ்சை. அதோடுதான் ஓட்டியிருக்கிறார்கள்! டேப்பைப் படிக்கிற ஹெட்டும் அடைத்துக்கொள்ளும், அடுத்துப் போடுகிற கேசட்டுக்கும் தொற்றும். கொடுப்பதற்கு முன்னால் நீங்களே பார்த்துவிடுங்கள்.

கேசட்டை ஓட்டுகிற விசிஆர் தயாரிப்பு 2016-லேயே நின்றுவிட்டது. விசாரித்ததில், அந்தக் காலத்தில் கல்யாண வீடியோ எடுத்த அண்ணன் ஒருவர் மேலூரில் கிடைத்தார். முதல் தடவை போனது வீண், அவருடைய விசிஆரின் ரப்பர் பெல்ட் தார் மாதிரி உருகிக் கிடந்தது. அடுத்த வாரம் பெல்ட் மாற்றி வைத்திருந்தார். பூஞ்சையைப் பொறுமையாகத் துடைத்து எடுத்தார். “ஹெட்டுக்குப் பஞ்சுக் குச்சி மட்டும் வச்சிராதீங்க தம்பி, பேத்துக்கிட்டு வந்துரும்” என்று சொல்லி, ஐசோபுரொப்பைல் ஆல்கஹாலில் நனைத்த மெல்லிய தோலை அசையாமல் பிடித்துக்கொண்டு, ஹெட் பதிந்திருக்கும் டிரம்மைக் கையால் சுற்றினார்.

முதல் பதிவில் சத்தம் ஒரு பக்கம், உதடு ஒரு பக்கம். விசிஆருக்கும் கம்ப்யூட்டருக்கும் நடுவில் அவருடைய பழைய டிவிடி ரெக்கார்டரைக் கோத்த பிறகுதான் இரண்டும் சேர்ந்தது. 720க்கு 576 பிக்சல், சுருக்காமல் அப்படியே எடுத்துக்கொண்டேன். பாட்டி நகத்தால் துணியைக் கிள்ளித் தூக்கி நூலைச் சுற்றி இழுக்கும்போது, நூல் இறுகுகிற சின்னச் சத்தம்கூடக் கேட்கிறது. அண்ணன் டீ போட்டு வைத்தார், நான் குடிக்கவில்லை.

அம்மாவை உட்காரவைத்து வரி வரியாகத் தமிழில் எழுதிவிட்டேன். ஒரு வார்த்தை மட்டும் அம்மாவுக்கும் பிடிபடவில்லை. எங்கள் தெருவில் எண்பது வயதைத் தாண்டிய பெரியம்மா ஒருவர் இருக்கிறார். ஞாயிற்றுக்கிழமை லேப்டாப்பைத் தூக்கிக்கொண்டு அவரிடம் போகிறேன்.