நடக்காமல் போன வாக்கெடுப்பு

வியன்னாவுக்குக் குடிவருகிறவர்கள் முதலில் முகவரியைப் பதிய வேண்டும். வீட்டுக்குள் நுழைந்த மூன்று நாளுக்குள் மாவட்ட அலுவலகத்துக்குப் போய் மெல்டெத்ஸெட்டல் என்ற அந்த ஒரு தாளை வாங்கினால்தான் வங்கி, பள்ளிக்கூடம், காப்பீடு என்று மற்ற வேலைகள் நகரும். அப்புறம் குடியிருப்பு அனுமதி. வேலைக்காக வருகிறவர்களுக்குக் கொடுப்பது சிவப்பு-வெள்ளை-சிவப்பு அட்டை. நாட்டுக் கொடியின் நிறங்களைத்தான் பெயராக வைத்திருக்கிறார்கள். இந்த அலைச்சல் முடிந்துவிட்டால் மற்றதெல்லாம் மெல்ல மெல்லப் பழகிவிடும். ஞாயிற்றுக்கிழமை கடை கிடையாது, சனிக்கிழமை மாலைக்குள் பாலும் தயிரும் வாங்கி வைத்துவிட வேண்டும். இரவு பத்து மணிக்கு மேல் மிக்ஸி ஓடக் கூடாது. கறிவேப்பிலையும் புளியும் எந்தக் கடையில் கிடைக்கும் என்று சொல்லித்தர வாட்ஸ்அப் குழு இருக்கிறது.

எனக்குப் புரிய நாள் பிடித்தது இந்த ஊரின் மார்ச் மாதம்.

நாங்கள் குடியிருப்பது இரண்டாம் மாவட்டமான லியோபோல்ட்ஸ்டாட்டில். காய்கறி வாங்கப் போகும் வழியில் நடைபாதையில் பித்தளைத் தகடுகள் பதித்திருக்கிறார்கள். ஒவ்வொன்றிலும் ஒரு பெயர், பிறந்த ஆண்டு, பிடித்துக்கொண்டு போன தேதி, கொன்ற இடம். மகளுக்கு எழுத்துக்கூட்டிப் படிக்க வந்த புதிதில் தெருவில் கண்ணில் பட்டதையெல்லாம் வாசிப்பாள், தகடுகளையும் வாசித்தாள். இவர்கள் யார், எங்கே போனார்கள் என்று கேட்டாள். பதில் சொல்ல வேண்டுமென்றால், ஹிட்லரின் ஜெர்மனி ஆஸ்திரியாவைத் தன்னோடு இணைத்துக்கொண்ட 1938 மார்ச் மாதத்தை நான் தெரிந்துகொள்ள வேண்டியிருந்தது. அதைத் தெரிந்துகொள்ளப் போனால் கர்ட் ஷுஷ்னிக் என்ற மனிதரில் போய் நின்றது.

அவர் குரலை முதலில் கேட்டது ஜெர்மன் வகுப்பில். எங்கள் டீச்சர் மார்ச் மாதத்தில் ஒருநாள், இன்றைக்குப் பாடப்புத்தகம் வேண்டாம் என்று சொல்லிவிட்டு ஒரு பழைய வானொலிப் பதிவைப் போட்டார். 1938 மார்ச் 11, வெள்ளிக்கிழமை, இரவு எட்டு மணிக்குச் சற்று முன் ஆஸ்திரியாவின் சான்சலர், அதாவது அரசாங்கத்தின் தலைவர், ஷுஷ்னிக் நாட்டு மக்களிடம் விடைபெற்ற உரை. கரகரப்புக்கு நடுவே அடங்கிய குரல். ஜெர்மனி கெடு விதித்திருக்கிறது, நாட்டில் கலவரம், ரத்த ஆறு என்று பரப்புவதெல்லாம் முழுக்கப் பொய், நாங்கள் வன்முறைக்கு வழிவிடுகிறோம், இந்த நேரத்திலும் ஜெர்மானிய ரத்தம் சிந்துவதை நாங்கள் விரும்பவில்லை, அதனால் எதிர்க்காமல் பின்வாங்கும்படி ராணுவத்துக்கு உத்தரவிட்டிருக்கிறோம் என்கிறார். கடைசியாக, கடவுள் ஆஸ்திரியாவைக் காக்கட்டும் என்கிறார். அத்துடன் பேச்சு முடிகிறது.

வகுப்பில் எனக்கு ஒரு பக்கம் கார்கிவிலிருந்து வந்த பெண், மறுபக்கம் அலெப்போவில் மருந்துக்கடை வைத்திருந்தவர். உக்ரைன் பெண்தான் முதலில் கேட்டார்: "ராணுவம் ஒரு குண்டுகூடச் சுடவில்லையா?" இல்லை என்றார் டீச்சர். "எங்கள் ஜனாதிபதி கீவை விட்டுப் போகவில்லை" என்று சொல்லிவிட்டு அந்தப் பெண் நோட்டுப் புத்தகத்தைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தார். சிரியாக்காரர் கேட்டது வேறு: "சரி, அதற்கு முன்னால் இவர் மக்களிடம் ஏதாவது கேட்டிருக்கிறாரா?"

டீச்சர் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்துகொண்டார். அன்றைய வகுப்பு முழுக்க அந்தக் கேள்விக்கான பதில்தான்.

கேட்டார், ஆனால் இரண்டே நாளுக்கு முன்னால். மார்ச் 9 அன்று இன்ஸ்ப்ரூக்கில் பேசும்போது, வரும் 13-ஆம் தேதி ஞாயிறு நாடு முழுக்க வாக்கெடுப்பு என்று ஷுஷ்னிக் அறிவித்தார். சுதந்திரமான ஆஸ்திரியா வேண்டுமா, சொல்லுங்கள். ஆனால் அந்த நாட்டில் கடைசியாகப் பொதுத் தேர்தல் நடந்தது 1930-இல். சரியான வாக்காளர் பட்டியலே கையில் இல்லை. வாக்களிக்க வயது 24 ஆகியிருக்க வேண்டும் என்று வைத்தார்கள்; இளைஞர்களில் நாஜிகள் அதிகம் என்ற கணக்கு. இத்தனை அவசரத்தில் ஒரு நாடு தன்னைக் காப்பாற்றிக்கொள்ளப் பார்த்திருக்கிறது.

அந்த அவசரத்துக்குக் காரணம் பிப்ரவரி 12. அன்று ஹிட்லர் அவரை பெர்க்டெஸ்காடன் மலைவீட்டுக்கு வரவழைத்தார். பேச்சுவார்த்தை என்று பெயர். பக்கத்து அறைகளில் கைடெல் முதலான தளபதிகளை நிறுத்தி வைத்திருந்தார்கள். விடாமல் புகைபிடிப்பவரான ஷுஷ்னிக் அங்கே ஹிட்லர் முன்னால் ஒரு சிகரெட்கூடப் பற்றவைக்க முடியவில்லை. நாஜிகளின் ஆளான ஸைஸ்-இன்க்வார்ட்டை உள்துறை அமைச்சராக்கு, சிறையிலுள்ள நாஜிகளை விடு என்று நீட்டிய தாளில் கையெழுத்துப் போட்டுவிட்டுத் திரும்பினார். ஊருக்கு வந்ததும் முதுகை நிமிர்த்தியிருக்கிறார். பிப்ரவரி 24 அன்று ஆற்றிய உரையில், இதுவரை போதும், இனி ஓரடிகூட நகர மாட்டோம், சாகும்வரை சிவப்பு-வெள்ளை-சிவப்பு என்று முழங்கினார். அப்போது தெருவில் ஜனங்கள் உண்மையிலேயே உற்சாகமாகத் திரண்டார்கள்.

வாக்கெடுப்பு நடந்திருந்தால் ஷுஷ்னிக் ஜெயித்திருப்பார் என்ற பயம் ஹிட்லருக்கு இருந்தது என்றுதான் நான் நினைக்கிறேன். இல்லாவிட்டால் அதைத் தடுக்க அத்தனை பரபரப்பு எதற்கு? 11-ஆம் தேதி காலையிலிருந்து பெர்லினுக்கும் வியன்னாவுக்கும் இடையே தொலைபேசி ஓயவில்லை. வாக்கெடுப்பைத் தள்ளிவை என்றார்கள், தள்ளிவைத்தார். பதவி விலகு என்றார்கள், விலகினார். ஸைஸ்-இன்க்வார்ட்டைச் சான்சலராக்கு என்றார்கள். அதற்கு மட்டும் ஜனாதிபதி மிக்லாஸ் நள்ளிரவு நெருங்கும்வரை மறுத்து நின்றார். ஜெர்மன் ராணுவத்தை அனுப்பி உதவுங்கள் என்று வியன்னாவே கேட்டுக்கொள்வதுபோல் ஒரு தந்தி வேண்டியிருந்தது; அதன் வாசகத்தையும் பெர்லினில் இருந்துகொண்டு ஹிட்லரின் வலதுகையான கோரிங்தான் தொலைபேசியில் சொன்னார். அந்த உரையாடல்களின் எழுத்துப்படி போருக்குப் பிறகு நாஜித் தலைவர்கள் மேல் நடந்த நியூரம்பெர்க் விசாரணையில் சாட்சியமானது.

அன்றைக்குக் கைகொடுக்க வெளியே யாரும் இல்லை. 1934-இல் எல்லையிலுள்ள பிரென்னர் கணவாய்க்குப் படை அனுப்பி ஹிட்லரைத் தயங்க வைத்த இத்தாலியின் முசோலினி, இப்போது ஹிட்லரின் கூட்டாளி. பிரான்ஸில் அந்த வாரம் அரசாங்கமே கவிழ்ந்து கிடந்தது. பாதுகாப்புத் தர எங்களால் முடியாது என்று பிரிட்டன் சொல்லிவிட்டது. ஐ.நா.வுக்கு முன்னோடியான சர்வதேச சங்கத்தில் முறைப்படி எதிர்ப்புத் தெரிவித்தது மெக்சிகோ. எங்கள் மாவட்டத்தில் டான்யூப் ஓரத்தில் மெக்சிகோ பிளாட்ஸ் என்று ஒரு சதுக்கம் இருக்கிறது; மகளை விளையாடக் கூட்டிப்போகும் இடம். 1956-இல் அந்தப் பெயரை வைத்திருக்கிறார்கள், நன்றி சொல்லும் கல்லும் நட்டிருக்கிறார்கள். பெஞ்சில் உட்கார்ந்திருக்கும் பாட்டிகளுக்கு அந்தக் கல்லின் கதை தெரிந்திருக்கிறது.

வெளியே யாரும் இல்லை, சரி. உள்ளே? இதைத்தான் நான் திரும்பத் திரும்ப யோசிக்கிறேன்.

யு4 ரயிலில் கடைசி நிலையமான ஹைலிகன்ஷ்டாட்டில் இறங்கினால் எதிரே கார்ல்-மார்க்ஸ்-ஹோஃப் நிற்கிறது. ஒரு கிலோமீட்டருக்கும் மேல் நீளமான தொழிலாளர் குடியிருப்பு. செங்காவி நிறம், பெரிய வளைவு வாசல்கள், உள்ளே மரங்களும் புல்வெளியும். சோஷலிஸ்ட் நகராட்சி கட்டியது. இன்றும் மாநகராட்சி வீடுகள்தான். பால்கனிகளில் துணி காய்கிறது, சைக்கிள் தொங்குகிறது. 1934 பிப்ரவரியில் ஆஸ்திரிய ராணுவம் இந்த வீடுகளின் மேல் பீரங்கியால் சுட்டது. சொந்த ராணுவம், சொந்த மக்கள். ஷுஷ்னிக்குக்கு முன் சான்சலராக இருந்த டோல்ஃபுஸ் 1933 மார்ச்சில் நாடாளுமன்றத்தை முடக்கியிருந்தார். அதை எதிர்த்த தொழிலாளர்களை இப்படி அடக்கினார். அப்போது நீதித்துறை அமைச்சர் யார் என்றால், ஷுஷ்னிக். சண்டை முடிந்ததும் ஒன்பது பேரைத் தூக்கிலிட்டார்கள். அதில் ஒருவர் படுகாயமடைந்தவர். நடக்க முடியாத அவரை ஸ்ட்ரெச்சரில் கிடத்தியே கொண்டுபோனார்கள். அதே ஆண்டு ஜூலையில் நாஜிகள் சான்சலர் மாளிகைக்குள் புகுந்து டோல்ஃபுஸைச் சுட்டுக் கொன்றார்கள். ஷுஷ்னிக் சான்சலரானார். கட்சிகள் தடையிலேயே இருந்தன, தேர்தல் கிடையாது.

அப்படி அடிபட்ட தொழிலாளர்கள்தான் 1938 மார்ச் தொடக்கத்தில் ஷுஷ்னிக்கைத் தேடிப் போனார்கள். ஹிட்லரை எதிர்க்க நாங்கள் உங்களோடு நிற்கிறோம், எங்கள் சங்கங்களையும் உரிமைகளையும் திருப்பித் தாருங்கள் என்று கேட்டார்கள். 7-ஆம் தேதி வியன்னாவின் ஃப்ளோரிட்ஸ்டார்ஃப் பகுதியில் தொழிற்சாலைப் பிரதிநிதிகள் கூடிப் பேசினார்கள். ஷுஷ்னிக் தயங்கிக்கொண்டே இருந்தார். நான்கு ஆண்டுகளாகப் பூட்டி வைத்த கதவு நாலு நாளில் திறக்குமா?

அவரைக் கோழை என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. ஒரு கோடியை எட்டாத நாடு, எதிரில் பிரம்மாண்டமான ராணுவம்; பிள்ளைகளைக் களத்துக்கு அனுப்ப அவர் விரும்பவில்லை என்பது மனிதர் என்ற முறையில் புரிகிறது. ஆனால் அந்த வானொலி உரையில் அவர் சொன்ன காரணம் எனக்கு நெருடுகிறது. ஜெர்மானிய ரத்தம் சிந்தக் கூடாது என்றார். ஆஸ்திரியாவும் ஒரு ஜெர்மானிய நாடு, அதுவே உயர்ந்த ஜெர்மானிய நாடு என்பது அவர் நம்பிக்கை. பக்கத்து நாட்டுச் சர்வாதிகாரி எந்த வாதத்தை வைத்து நாட்டை விழுங்க வந்தாரோ, அந்த வாதத்தில் பாதியை இவரே ஏற்கெனவே ஒப்புக்கொண்டிருந்தார். வாக்குரிமையையும் சங்கத்தையும் பறித்ததில் மீதியும் போயிற்று.

பிறகு நடந்ததைத்தான் எங்கள் தெருத் தகடுகள் சொல்கின்றன. வாக்கெடுப்புக்காகச் சுவர்களிலும் நடைபாதைகளிலும் ஆஸ்திரியா வாழ்க என்று பெயின்ட் அடித்திருந்தார்கள். ஜெர்மன் படை வந்து சேருமுன்பே வியன்னாக்காரர்கள் தங்கள் யூத அயலார்களை வீட்டிலிருந்து இழுத்து வந்து, முழங்காலிட வைத்து, அந்த எழுத்துகளைத் தேய்த்துக் கழுவ வைத்தார்கள். சுற்றி நின்று பார்த்தவர்கள் சிரிப்பது புகைப்படங்களில் பதிவாகியிருக்கிறது. ஆல்பர்டினா அருங்காட்சியகத்துக்கு எதிரே, பிரஷ்ஷோடு தரையில் குனிந்திருக்கும் ஒரு யூத முதியவரின் வெண்கலச் சிலை இருக்கிறது. சுற்றுலாவுக்கு வருகிறவர்கள் களைப்பில் அதன்மேலேயே உட்கார்ந்துவிடுவார்கள் என்று முதுகில் முள்கம்பி வடிவம் வைத்திருக்கிறார்கள். ஊரிலிருந்து வரும் உறவினர்களை ஷோன்ப்ரூன் அரண்மனைக்குக் கூட்டிப்போகும் அன்றே இங்கேயும் கூட்டிவருகிறேன். ஆஸ்திரிய யூதர்களில் 65,000-க்கும் மேற்பட்டவர்கள் கொல்லப்பட்டார்கள்.

மார்ச் 15 அன்று ஹெல்டன்பிளாட்ஸ் சதுக்கத்தில் லட்சக்கணக்கானோர் கூடி ஹிட்லரை ஆரவாரத்தோடு வரவேற்றார்கள். ஏப்ரல் 10 அன்று, ஜெர்மனியோடு இணைந்ததை ஏற்கிறீர்களா என்று நாஜிகள் தங்கள் வாக்கெடுப்பை நடத்தினார்கள். வாக்குச்சீட்டில் 'ஆம்' என்பதற்குப் பெரிய வட்டம், 'இல்லை' என்பதற்குச் சின்ன வட்டம். யூதர்களுக்கு வாக்கில்லை. முடிவு 99.73 சதவீதம் ஆம்.

அதற்குள் ஜெர்மனியிலிருந்த டாஹாவ் வதைமுகாமுக்கு முதல் ரயில் கிளம்பிவிட்டது, ஏப்ரல் 1. அதில் ஷுஷ்னிக்கின் ஆட்களும் இருந்தார்கள், அவர்கள் அடக்கி வைத்திருந்த சோஷலிஸ்டுகளும் இருந்தார்கள். ஒரே ரயில், ஒரே முகாம். அந்த ரயிலில் போனவர் லியோபோல்ட் ஃபிகல். போருக்குப் பிறகு தேர்தலில் வென்று சான்சலரானதும் சோஷலிஸ்டுகளோடு சேர்ந்தே அரசு அமைத்தார். 1955 மே 15 அன்று பெல்வெடெர் அரண்மனையில் ஆஸ்திரியா சுதந்திரமடைந்தது என்று அறிவித்தவரும் அவர்தான். முகாமில் ஒன்றாகப் பட்ட பாடு அவர்களைச் சேர்த்து வைத்தது என்று இங்கே பெரியவர்கள் சொல்வார்கள். முன்பே சேர்ந்திருந்தால் என்று எனக்குத் தோன்றும். நாங்கள் ஹிட்லரின் முதல் பலியாடு என்று மட்டும் சொல்லிக்கொண்டிருந்த நாடு, தன் மக்களுக்கும் அந்தக் குற்றங்களில் பங்குண்டு என்று தன் சான்சலர் வாயால் நாடாளுமன்றத்தில் சொல்ல 1991 வரை ஆயிற்று.

ஷுஷ்னிக் ஓடிப்போகவில்லை. வீட்டுக் காவல், நாஜி ரகசியப் போலீஸான கெஸ்டபோ இருந்த மெட்ரோபோல் ஹோட்டல், அப்புறம் முகாம்கள். 1945-இல் விடுதலையானதும் அமெரிக்கா போய், செயின்ட் லூயிஸ் பல்கலைக்கழகத்தில் பல ஆண்டுகள் பேராசிரியராக இருந்தார். ஒரு நாட்டின் தலைவராக இருந்தவர் இன்னொரு நாட்டில் குடியேறியாகப் போய், அந்த நாட்டுக் குடியுரிமையும் வாங்கினார். 1967-இல் திரும்பி வந்து, 1977-இல் டிரோல் மாநிலத்தில் காலமானார்.

இன்றைய வியன்னாவில் வாக்களிக்கும் வயதில் இருப்பவர்களில் ஏறக்குறைய மூன்றில் ஒருவருக்கு ஆஸ்திரியக் குடியுரிமை இல்லை. அதனால் நாடாளுமன்றத் தேர்தலில் வாக்கும் இல்லை. நானும் அதில் ஒருத்தி. வரி கட்டுகிறோம், பிள்ளை இங்கே படிக்கிறாள், தேர்தல் நாளன்று பூங்காவில் உட்கார்ந்திருக்கிறோம். 1938-ஐப் படித்த பிறகு எனக்கு இது சின்ன விஷயமாகத் தெரியவில்லை. குடியுரிமை கேட்கலாம், ஆனால் இந்தியாவும் இரட்டைக் குடியுரிமை தராது, ஆஸ்திரியாவும் பொதுவாக ஒத்துக்கொள்ளாது. இந்தியப் பாஸ்போர்ட்டை ஒப்படைக்க வேண்டும். கணவர் இன்னும் தயங்குகிறார், அப்பாவுக்கு வருத்தம்தான். நான் முடிவு செய்துவிட்டேன். குடியுரிமைத் தேர்வுக்கான வரலாற்றுப் பகுதி படித்தாகிவிட்டது. பிறப்புச் சான்றிதழின் புதிய நகலுக்கு மதுரையில் தம்பியிடம் சொல்லியிருக்கிறேன்.