பாடநூலின் ஓரத்தில் தமிழ்

ஜப்பானிய மொழியைத் தொடங்க முனைந்தபோது 'கெங்கி', 'மின்னா நோ நிஹோங்கோ' என்னும் இரு பாடநூல்களுக்கிடையே நெடுநாள் தயங்கினேன். கெங்கி தன் 23 பாடங்களுக்குள்ளேயே இலக்கணத்தை ஆங்கிலத்தில் விளக்கிவிடுகிறது. மின்னாவின் தொடக்கநிலையோ 50 பாடங்கள். முதன்மை நூல் முழுவதும் ஜப்பானிய மொழியிலேயே இருக்க, மொழிபெயர்ப்பும் இலக்கணக் குறிப்பும் தனி நூலாக வருகின்றன. தனியாகப் படிப்பவருக்குக் கெங்கியே எளிது என்றாலும், இடையில் ஆங்கிலம் வந்து நிற்காத நூல் வேண்டும் என்று, செலவு கூடினும் மின்னாவையே வாங்கினேன்.

முதல் வாரம் ஹிரகானா என்னும் ஜப்பானிய அடிப்படை எழுத்துகளுக்கு மேல் தமிழில் உச்சரிப்பை எழுதியது என் பிழை. 'ககி' என்று எழுதியதை மறுநாள் பார்த்தால், அது சாவியா (kagi) பெர்சிமன் பழமா (kaki) என்று தெரியவில்லை. இரண்டுக்குமிடையே உள்ள ஒலி வேறுபாட்டைக் காட்ட நம் எழுத்தில் வழியில்லை. அனைத்தையும் அழித்துவிட்டு, 46 எழுத்துகளையும் மனப்பாடம் செய்தேன்.

தமிழ் கைகொடுத்தது இலக்கணத்தில்தான். 14ஆம் பாடத்தில் வரும், வினைச்சொல்லின் 'தே' வடிவத்தை ஆங்கிலக் குறிப்பின் வழியே புரிந்துகொள்ளத் திணறிக்கொண்டிருந்தபோது, அது நம் வினையெச்சத்தின் வேலையைச் செய்வது என்று திடீரென உறைத்தது. 'தபெத்தே' என்றால் 'சாப்பிட்டு'. பிறகு 29ஆம் பாடத்தின் 'தபெத்தே ஷிமாயிமாஸ்' சாப்பிட்டுவிடுவதாகவும், 30இன் 'கத்தே ஒகிமாஸ்' வாங்கி வைப்பதாகவும், 40இன் 'தபெத்தே மிமாஸ்' சாப்பிட்டுப் பார்ப்பதாகவும் தாமாகவே வந்து அமர்ந்தன. 'மிமாஸ்' என்பதன் மூலவடிவமான 'மிரு' என்ற வினைக்கும் 'பார்' என்றே பொருள் என்பதைக் கண்டபோது, ஓரத்தில் தமிழில் எழுதி இருமுறை அடிக்கோடிட்டேன்.

ஆனால் இந்தத் துணிச்சலுக்கு 10ஆம் பாடம் முன்பே ஒரு குட்டு வைத்திருந்தது. இருப்பதைச் சொல்ல 'இமாஸ்', 'அரிமாஸ்' என இரு வினைகள் இருப்பதைக் கண்டதும், முன்னதன் அருகே உயர்திணை என்றும் பின்னதன் அருகே அஃறிணை என்றும் பேனாவாலேயே எழுதினேன். அதே பாடத்தில் பூனைக்கும் 'இமாஸ்' வந்தது. சரி, உயிருள்ளது, உயிரில்லாதது என்று திருத்தினால், மரத்துக்கு 'அரிமாஸ்' என்றார்கள். அந்தப் பக்கத்தில் இப்போது இரண்டு அடித்தல்களுக்குக் கீழே, பென்சிலில், 'தானாக நகர்வது' என்று இருக்கிறது.